எட்டு நாள் தண்ணீர்

பொறியாளர் பேனா மூடியைக் கழற்றியதும், கோப்பின் மேலேயே கண்ணாடிப் புட்டியை வைத்தேன்.

"ஏம்மா, கையெழுத்துப் போடுற இடத்துல மீன்தொட்டி வைக்கிறே?"

ஆற்றோரச் சதுப்பில் உயிர் எதுவும் இல்லை என்று அந்தக் கோப்பு சொன்னது. அவர் கையெழுத்திட்டால் நாளைக் காலை மண் லாரிகள் வந்து சதுப்பை மேடாக்கிவிடும்.

பொய் எழுதுகிற ஆள் அல்லர். கரைக்குக் கரை நடந்து பார்த்தவர். ஆறு பொங்கி இரண்டு வருடமாகிறது, சதுப்பு காய்ந்து கிடக்கிறது. தவளை இல்லை, கொக்கு இல்லை.

நான் மேசை விளக்கைப் புட்டிக்குப் பின்னால் நகர்த்தினேன்.

கலங்கலில் புள்ளிகள் நகர்ந்தன. உற்றுப் பார்த்தால் புள்ளிகளுக்குக் கால்கள் இருந்தன. மல்லாந்து நீந்தும் இறால்கள். அரிசியில் பாதிகூட இல்லை.

சதுப்பு வற்றினால் இவை செத்துவிடும். முட்டைகள் சாகா. தூசியோடு தூசியாக வருடக்கணக்கில் வெயிலைத் தாங்கிக் கிடக்கும். வெறும் தூறலுக்கு ஏமாறா. தண்ணீர் நின்று ஊறினால்தான் பொரியும். அப்போதும் எல்லாம் பொரியாது, ஒரு பங்கு அடுத்த வெள்ளத்துக்கென்று படுத்திருக்கும்.

முதலில் இது வரும். இதைத் தின்ன மீன்குஞ்சு, அதைத் தின்னக் கொக்கு. சதுப்பில் காலையில் கடை திறப்பது இந்த இறால்தான்.

"தண்ணியில இருந்து வந்திருக்கும்," என்றார், கண்ணை எடுக்காமல்.

"கொதிக்க வெச்சு ஆறவெச்ச தண்ணி சார். அதுல சதுப்பு மண்ணைப் போட்டு எட்டு நாளா மூடியே வெச்சிருக்கேன்."

"அப்போ மண்ணு வேற ஏதோ குளத்து மண்ணு. நான் கால் கடுக்க நடந்தேம்மா, அங்க ஒரு புழு பூச்சி கிடையாது."

எந்தக் குளத்துக்கும் நான் போகவில்லை. பரிசோதனைக் கூடத்தில் எனக்கு நாற்காலியை விட்டு எழவே நேரமில்லை.

எட்டு நாளுக்கு முன், தூறலில் சதுப்பைச் சுற்றிவிட்டு வந்தவர், வாசலில் நின்று காலை உதறி உதறிப் புலம்பியதைக் கேட்டேன். அன்று காலைதான் வாங்கியதாம், முதல் நாளே நாசமாம்.

அவர் உள்ளே போனதும், வாசல் கால்மிதியிலிருந்து ஒரு கரண்டி சேற்றை வழித்துக்கொண்டேன்.

"உங்க புது ஷூவுல ஒட்டிட்டு வந்த மண்ணு சார்."

பொறியாளர் பேனாவை மூடினார்.

பிறகு, யாரையோ மிதித்துவிடப்போகிறவர்போல, மேசைக்கடியில் இரண்டு கால்களையும் மெல்லத் தூக்கிக்கொண்டார்.