வீட்டோடு சேர்ந்த குரல்

விற்பனை ஒப்பந்தம் போட்ட பிறகு திருமேனிக்கு வீட்டைக் கொடுக்க மனம் வரவில்லை. இறந்துபோன மனைவி செண்பகத்தின் குரலில்தான் அந்த வீட்டை இயக்கும் கணினி பேசும். வழக்கு ஆண்டுக்கணக்கில் நடந்தது. வீடும் வீட்டோடு பொருத்திய யாவும் வாங்கியவருக்கே என்றது நீதிமன்றம்.

அன்று மாலை தீர்ப்பு அந்தக் கணினிக்குள் இறங்கி, வீட்டுக்காரர் பெயரை மாற்றியது. விளக்குகள் கனவில்போல் மங்கி, மெல்ல ஒளிர்ந்தன. வீட்டை வாங்கிய அருளப்பன் செருப்போடு உள்ளே வந்தார்.

"என்னங்க, வந்துட்டீங்களா?" என்று அவரிடம் கேட்டது செண்பகத்தின் குரல். பிறகு திருமேனியிடம், "உங்களுக்கு யாரு வேணும்?" என்றது.

அருளப்பன் கூசிப்போனார். "சார், இந்தக் குரலை அழிச்சிடச் சொல்லட்டுமா?"

திருமேனி அவருடைய செருப்பைப் பார்த்தார். வெளியே தூறல் ஓய்ந்தது.

"வேண்டாம், பேசட்டும். செருப்பை மட்டும் வாசல்லயே விட்டுடுங்க. அவளுக்குப் பிடிக்காது."