படகுக்கூலி

பிள்ளையார்பாளையத்தில் அந்தத் தெருவில் அன்று ஒரு தறியும் ஓடவில்லை. அதனால் ஜெயப்ரியாவின் போன் அடித்தது எல்லோருக்கும் கேட்டது. கண்ணாடி விரிசல் விட்டிருந்த அந்தப் போனை அவள் அப்பா தாமோதரன் எடுத்தார்.

"டிராவல்ஸ்லருந்து பேசறேன் சார். மேடம் ஏதென்ஸ்ல கேட்ட ரூம் கிடைச்சிடுச்சி. ஜன்னலைத் தொறந்தா மலை மேல அதீனா கோயில் தெரியும். நெசவுக்குத் தெய்வமாமே, மேடம் சொன்னாங்க."

"சரிப்பா."

"தனியா போறதுக்கு வீட்ல பயப்படறாங்கன்னாங்க. பயமே வேணாம் சார்."

"தனியாத்தான் போவுது."

"காலைல கோயில், மத்தியானம் மியூசியம்னு அவங்களே பிளான் போட்டு அனுப்பியிருக்காங்க. ஏதோ படகுக்காரன் படம் போட்ட ஜாடியாம், அதக் கட்டாயம் பாக்கணுமாம்."

"ஆமா. செத்தவங்கள அக்கரைக்கு ஏத்திக்கினு போறவன். காசு குடுக்கலன்னா ஏத்த மாட்டானாம். சொல்லிக்கினே இருக்கும்."

"தேதிய உறுதி பண்ணீங்கன்னா டிக்கெட் போட்டுடறேன் சார்."

"இன்னிக்கே கிளம்புது."

"இன்னிக்கா? விசாவே வரலியே சார்!"

தாமோதரன் போனை அணைத்தார்.

"மாமா," என்று கூடத்திலிருந்து மைத்துனன் கூப்பிட்டான். "நெத்திக் காசு வெச்சிட்டா தூக்கிடலாம். ஒத்த ரூபா இருக்குதா?"

அவர் மகளின் கைப்பையைத் துழாவி, அவள் ஆசைக்கு வாங்கி வைத்திருந்த கிரேக்க நாணயத்தை எடுத்தார். குனிந்து அவள் நெற்றியில் வைத்தார்.

"என்னா மாமா, ஆந்தை போட்ட காசைப் போயி..."

"அங்க இதாம்பா செல்லும்."