நீலப்பாம்பு

ஜெர்மன் நாட்டுப் பேராசிரியர் ஒருவரின் அலமாரியில், சாராய ஜாடிக்குள் ஒரு பாம்பு சுருண்டு கிடந்தது. நம் ஊர் வேலியில் திரிந்த பச்சைப்பாம்புதான். கப்பலில் வருவதற்குள் அதன் பச்சையில் இருந்த மஞ்சளைச் சாராயம் குடித்துவிட, நீலம் மட்டும் மிஞ்சியது. அதை உயிரோடு பார்த்தறியாத பேராசிரியர் ‘நீலப்பாம்பு’ என்று பெயர் சூட்டிப் பெரும்புகழ் அடைந்தார்.

ஒருநாள் இன்னொரு பாம்பு பெட்டியில் உயிரோடு வந்திறங்கியது. பேராசிரியர் கண்கொத்திப் பாம்பாக அதையே பார்த்தார்.

“பச்சை! இது புது இனம்!”

ஜாடிப்பாம்புக்குப் பகீரென்றது. “ஐயா, அவளும் நானும் ஒரே வேலி!” என்று கத்தியது. மூடி இறுக்கமாக இருந்தது. பக்கத்து ஜாடியில் சாராயம் ஊற்றும் சத்தம் கேட்டது.

“அக்கா, அவருக்கு எப்போதுதான் புரியும்?” என்றது புதியது.

“நீயும் நீலமானதும் புரிந்துவிடும், தங்கச்சி.”

பனிக்காலம் முடிவதற்குள் அதுவும் நீலமானது. பேராசிரியர் இரண்டு ஜாடிகளையும் ஜன்னல் வெளிச்சத்தில் மாறிமாறிப் பார்த்தார். அவர் முகம் சிவந்தது.

“எவனோ என் பச்சைப்பாம்பைத் திருடிவிட்டு நீலத்தைப் போட்டிருக்கிறான்!”

கப்பல்காரனிடம் இன்னும் நிறையப் பச்சைப்பாம்பு கேட்டுச் சொல்லி அனுப்பினார். பிறகு காலி ஜாடிகளைத் தம் கையாலேயே கழுவி, அக்காவுக்கும் தங்கச்சிக்கும் பக்கத்தில் வரிசையாக அடுக்கினார்.