இளைத்த கோழி

கறிக்கடைக் கூண்டில் செவலை, கருப்பி என்று இரண்டு கோழிகள்தான் மிச்சம். எதிரே தராசு. அதில் ஏறிய எந்தக் கோழியும் கூண்டுக்குத் திரும்பியதில்லை.

'கொழுத்ததைத்தான் பிடிப்பாங்க' என்று முடிவு கட்டிய செவலை, தன் பங்குக் கம்பையும் கருப்பி பக்கம் தள்ளியது. "நீ சாப்பிடு அக்கா. எனக்குப் பசியில்ல."

பாவம் கருப்பி, கண் கலங்கித் தின்றது. நாலே நாளில் அது கொழுத்தது, செவலை இளைத்தது.

ஒரு பெண் வந்தாள். "வீட்ல ரெண்டே பேர்தாண்ணே. சின்னதா ஒண்ணு போதும்."

கடைக்காரரின் கை கருப்பியைத் தாண்டி வந்தது. தட்டில் செவலை வெடவெடவென்று நடுங்கியது. எண்கள் நிற்காமல் ஏறி இறங்கின.

"ஆடாம இரும்மா," என்றது தராசு. "எடை தப்பாயிடும்."