ஒரு சீசா திட்டு

"சத்தம் போடாதே! சத்தம் திருட வந்திருக்கோம்."

"அப்ப நான் சத்தம் போட்டாத்தானே உங்களுக்கு ஆதாயம்?" என்றாள் தையல்காரி, மிஷினை மிதித்தபடியே.

கத்தியை நீட்டிக்கொண்டு நின்ற தாடி, அதன் பிடியால் தலையைச் சொறிந்தான். இத்தனை வருஷத் தொழிலில் யாரும் இப்படிக் கேட்டதில்லை. பின்னால் மூட்டையோடு நின்ற நெட்டை கூரையைப் பார்த்தான்.

இரண்டு பேருமே தலைக்கு விலை வைக்கப்பட்டவர்கள். கடிகாரக் கூண்டின் மணியோசையைச் சீசாவில் பிடித்துக்கொண்டு போனது இவர்கள் கூட்டம்தான். அன்றிலிருந்து ஊரில் யாரும் நேரத்துக்கு வேலைக்குப் போவதில்லை. அதற்கு முன்னால் மட்டும் போனார்களா என்று கேட்கக்கூடாது.

"முதல்ல செருப்பைக் கழட்டுங்க. இப்பத்தான் கூட்டினேன்."

ஊரையே நடுங்கவைக்கும் இருவரும் மரியாதையாகச் செருப்பைக் கழற்றினார்கள்.

"இப்ப சொல்லுங்க, என்ன சத்தம் வேணும்? குழாய் சொட்டுற சத்தமா? அதைக் கட்டாயம் எடுத்துக்கிட்டுப் போங்க. புண்ணியமாப் போகும்."

"திட்டு வேணும்," என்றான் தாடி. "வீட்டுக்கு லேட்டா வர்ற புருஷனைப் பெண்டாட்டி திட்டுற திட்டு. மாளிகைக்காரர் ஒருத்தர் கேட்டிருக்கார். அவர் வீட்டம்மா ரொம்ப நாகரிகம், குரலை உசத்தவே மாட்டாங்களாம். பாவம், அவருக்கு வீடு வீடாவே தெரியலையாம்."

"இந்த ஊர்ல அதுக்கா பஞ்சம்?"

"போன வீட்டுல எல்லாம் கத்தியைப் பார்த்ததும் 'எங்க வீட்டுக்காரர் தங்கம்'கிறாங்க. மனசாரத் திட்டணும் அக்கா. நடிச்சா சீசாவுல நிக்காது." தாடியின் குரல் இறங்கியது. "சாயங்காலத்துக்குள்ள இந்தச் சீசா நிறையலைன்னா, தலைவர் என் குரலைப் பிடுங்கி இதுல அடைச்சுடுவார். அப்புறம் ஆயுசுக்கும் ஊமைதான்."

"அடடா! அவ்வளவு இனிமையான குரலாச்சே. ஏன், உங்களுக்குப் பெண்டாட்டி கிடையாதா? அவங்ககிட்டயே வாங்கிக்கிறதுதானே?"

"இருந்திருப்பா. யாரு, எங்கேன்னு எனக்கெப்படித் தெரியும்?" என்றான் தாடி பெருமையாக. "கல்யாணம் ஆனவங்க கூட்டத்துல சேர்றப்பவே வீட்டு ஞாபகத்தை மொத்தமாத் தலைவர்கிட்ட ஒப்படைச்சுடணும். வீட்டு நினைப்பு இருந்தா தொழில்ல கை நடுங்குமாம். இவனுக்குக் கல்யாணம் ஆகலை, ஒப்படைக்க ஒண்ணுமில்லை. எனக்கு ஒரு கவலையும் கிடையாது, நிம்மதி!"

மிஷின் அப்போதுதான் நின்றது.

"கொடுத்து வெச்ச மகராசன்," என்று தையல்காரி எழுந்தாள். "சரி, மூடியைத் திறங்க. வாசல்ல போய் நில்லுங்க. இப்பத்தான் வீட்டுக்கு வர்ற மாதிரி."

தாடி ஓடிப்போய் நின்றான்.

"வாங்க துரை! இப்பத்தான் வழி தெரிஞ்சுதா? கத்திரிக்கோலுக்குச் சாணை பிடிச்சுட்டு வரேன்னு போன மனுஷன், மலையை உடைச்சுக் கல்லு எடுத்துக்கிட்டு வந்திருந்தாக்கூட இதுக்குள்ள வந்திருக்கலாமே! நான் பல்லால நூலைக் கடிச்சுத் தைச்சுக்கிட்டு உக்காந்திருக்கேன். போற இடத்தைச் சொல்லிட்டுப் போனா வாயில இருக்கிற முத்து உதிர்ந்துடுமா? பெரிய இடத்துச் சகவாசமாம், சம்பாத்தியமாம்! சம்பாதிச்ச லட்சணம் மூஞ்சியிலேயே தெரியுது. எவன் எவன் வீட்டுச் சத்தத்தையோ கொள்ளையடிக்கிறீங்களே, இங்கே ஒருத்தி பேச்சுத்துணைக்கு ஆளில்லாம சுவரைப் பார்த்துக் கிடந்தாளே, அந்தச் சத்தம் மட்டும் காதுல விழலையா?"

சீசாவுக்குள் திட்டு செக்கச்செவேலென்று ஏறிக்கொண்டே போனது. கடைசி வார்த்தையில் அவள் குரல் உடைந்தபோது கழுத்துவரை வந்து ததும்பியது. நெட்டை பாய்ந்து மூடியைத் திருகினான்.

"பிரமாதம் அக்கா!" தாடிக்குத் தலைகால் புரியவில்லை. "என் குரலைக் காப்பாத்திட்டீங்க. ஆனா ஒண்ணு, இப்படியும் ஒரு கல்நெஞ்சக்காரன் இருப்பானா? உங்க வீட்டுக்காரன் மட்டும் என் கையில கிடைச்சான்..."

"கிடைச்சா சொல்லியனுப்பறேன்," என்றாள் அவள்.

தாடி சீசாவைக் குழந்தைபோல அணைத்துக்கொண்டு, படியில் இரண்டிரண்டாகத் தாவி இறங்கித் தெருவுக்குப் போய்விட்டான்.

செருப்பு மாட்டுகிற சாக்கில் பின்தங்கிய நெட்டை மெல்லச் சொன்னான். "உங்க திட்டைக் கேட்டா அண்ணனுக்கு எல்லாம் ஞாபகம் வந்துடும்னு நம்பித்தான் இங்கே கூட்டிக்கிட்டு வந்தேன். ஒண்ணுமே வரலையே, அண்ணி."

அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டாள்.

"வராட்டிப் போகட்டும். ஆளு பாதியா இளைச்சுப் போயிட்டாரு. அடுத்த தடவை சாப்பாட்டு நேரமாப் பார்த்துத் திருடக் கூட்டிக்கிட்டு வா."