சுவருக்கு முந்திய வாசல்

ஆறு கரையைத் தின்றுகொண்டே வந்தது. வீட்டுக்கும் தண்ணீருக்கும் நடுவே ஒரு முருங்கை மரம்தான் மிச்சம். அதுவும் சாய்ந்த அன்று பொற்கலையும் அவள் புருஷனும் வாசல்நிலையைப் பெயர்த்துத் தோளில் ஏற்றிக்கொண்டு மேட்டுக்கு நடந்தார்கள். நாதாங்கியில் தொங்கிய பழைய பூட்டும் கூடவே ஆடிக்கொண்டு போனது.

"போன வெள்ளத்துலயே உனக்குக் கால் உளுத்துப்போச்சு. இந்தத் தடவை அடுப்புக்குத்தான் போகப்போறே" என்றது பூட்டு.

நிலைக்கும் அந்தப் பயம் இருந்தது.

மேட்டில் வெறும் பொட்டல். அவர்கள் குழி தோண்டி நிலையை நிறுத்தினார்கள். மஞ்சள் பூசிக் குங்குமம் வைத்து, மாவிலை கட்டினார்கள். சுவர் இல்லை, கூரை இல்லை.

பூட்டுக்குச் சிரிப்புத் தாங்கவில்லை. "நான் எதைப் பூட்டுறது? காத்தையா?"

அந்த நேரம் பார்த்து ஓர் ஆடு, நிலையைச் சுற்றிக்கொண்டு அந்தப் பக்கம் போய் நின்றது.

"பாத்தியா, ஆடுகூட உன்னை மதிக்கலை."

"கொஞ்சம் பொறேன்" என்றது நிலை.

சாயங்காலம் பக்கத்து வீட்டு ராசகிளி தலையில் மூட்டையோடு வந்தாள். அவள் வீட்டையும் ஆறு கொண்டுபோயிருந்தது. நாலா பக்கமும் திறந்துதான் கிடந்தது. ஆனாலும் அவள் நேராக நிலைக்கு முன்னால் வந்து செருப்பைக் கழற்றினாள்.

"அக்கா, உள்ள வரலாமா?"

"வாடி, வா. குனிஞ்சு வா, மூட்டை இடிக்கும்" என்றாள் பொற்கலை.

ராசகிளி குனிந்து உள்ளே வந்தாள்.

பூட்டு அவள் கழற்றி வைத்த செருப்பையே பார்த்துக்கொண்டிருந்தது. பிறகு திடீரென்று பதறியது.

"ஐயையோ, ஆடு வீட்டுக்குள்ள நிக்குதே! யாராவது விரட்டுங்களேன்!"