அரை மூட்டைச் சோளம்

ஜீப் நாலு வீடு தள்ளி நின்றிருந்தது. அதன்மேல் சாய்ந்து நின்ற ஆளின் காக்கிச் சட்டை மட்டும் கிளியம்மாளுக்குத் தட்டி இடுக்கு வழியே தெரிந்தது. அது போதுமாக இருந்தது. மாட்டுக் கொட்டகைக்கு ஓடினாள்.

"லாரி சோளம் எடுத்தவங்க பேரையெல்லாம் எழுதிக்கினு வராங்களாம்யா. முனியம்மாக்கா செவுத்துக்கு அந்தாண்டயிருந்து சொல்லிட்டு ஓடுது."

அங்கே இருந்த அவள் புருஷன் கோபாலின் வாயிலிருந்து பீடி கீழே விழுந்தது.

முந்தாநாள் காலையில் ஒரகடம் சாலைத் திருப்பத்தில் மக்காச்சோள லாரி ஒன்று கவிழ்ந்தது. வடக்குப்பட்டில் மாடு வைத்திருந்தவர்கள் எல்லாம் சாக்கும் குடமுமாக ஓடினார்கள். கிளியம்மாளுக்குக் கிடைத்தது சின்னச் சாக்கில் அரை மூட்டை. ஊர்ப் பேச்சு அடங்கட்டும் என்று அதை இன்னும் பிரிக்கவில்லை.

ஆசையால் எடுக்கவில்லை. பெட்ரோலில் கலக்கும் எரிபொருள் காய்ச்சச் சோளமெல்லாம் ஆலைக்குப் போகிறது என்று சொல்லிச் சொல்லியே தீவனக் கடை நரசிம்மன் விலையை ஏற்றிக்கொண்டிருந்தார். இரண்டு மாதமாக அவர்களின் ஒரே பசு செவலைக்குப் பாதித் தீவனம்தான். வயிற்றில் எட்டு மாதக் கன்றோடு, விலா எலும்பு தெரிய நின்றது.

"எழிலுக்கு போலீஸ் வெரிஃபிகேஷன் இந்த வாரம்தானே?" என்றான் கோபால், மெதுவாக.

அந்தப் பயத்தில்தான் அவள் ஓடிவந்ததே. ஐந்து வருடம் கான்ட்ராக்டில் நின்ற மகள் எழிலரசிக்கு, வல்லம் வடகால் கம்பெனியில் இப்போதுதான் பர்மனென்ட் என்று சொல்லியிருந்தார்கள். வீட்டில் யார் மேல் கேஸ் இருந்தாலும் அவ்வளவுதான் என்று கூட வேலை செய்பவர்கள் பேசிக்கொண்டார்களாம்.

"ஏரில கொட்டிட்டு வந்துடறேன்."

"தெருவுல ஜீப்பு நிக்குது. அவன் எதிர்ல தலைல தூக்கிக்கினு போவியா? மூளை கீதா உனக்கு?"

"அப்ப இன்னாதான்டி பண்றது?"

கிளியம்மாள் செவலையைப் பார்த்தாள். "மாட்டு வயித்துக்குள்ள பூந்து எவன் தேடப் போறான்? கொட்டுய்யா தொட்டில."

மூட்டையைப் பிரித்துக் கவிழ்த்தான். அவள் மேலே கழுநீரை ஊற்றிக் கலக்கினாள். சிதறிய மணிகளை நோக்கி ஓடிவந்த கோழி ஒன்று, ஒரே ஒரு முறை கொத்திவிட்டு, அலகைத் தரையில் தேய்த்துக்கொண்டு விலகிப் போனது. கோபால் உள்ளங்கையில் பச்சையாக ஒட்டியிருந்த தூசை வேட்டியில் துடைத்தான்.

செவலை முகத்தைத் தொட்டிக்குள் விட்டது, எடுக்கவே இல்லை.

பக்கத்து வீட்டில் கதவு திறந்தது. யாரோ ஏதோ கேட்டார்கள். முனியம்மாள் "இல்ல, இல்ல" என்றாள். கதவு மூடியது. கொட்டகையில் மாடு மெல்லும் சத்தம் மட்டும் கேட்டது. இவ்வளவு சத்தமாகவா ஒரு மாடு மெல்லும் என்று கிளியம்மாளுக்கு இருந்தது.

தட்டியைத் தள்ளிக்கொண்டு நோட்டும் கையுமாக ஒருவர் வந்தார். காக்கிச் சட்டைக்காரன் ஜீப்பிலேயே இருந்துவிட்டான்.

"நாங்க எடுக்கல சார்."

"நான் இன்னும் ஒண்ணுமே கேக்கலையேம்மா."

கோபால் காலால் காலிச் சாக்கை வைக்கோலுக்குள் தள்ளினான்.

"ஒரு மணி கூட எடுக்கலையா?"

"குன்றத்தூர் முருகன் சத்தியமா இல்ல சார்."

அவர் வெகுநேரம் அவள் முகத்தையே பார்த்தார். பிறகு மாட்டின் வயிற்றைப் பார்த்தார். "எத்தினி மாசம்?"

"எட்டு."

"சரி. தப்பிச்சுது போங்க." நோட்டை மூடினார். "நான் மாட்டாஸ்பத்திரிலேர்ந்து வரேன், ஜீப்புல இருக்கறது எங்க டிரைவரு. அந்தச் சோளம் பூசணம் புடிச்சது. தீவனத்துக்கு ஆவாதுன்னு கழிச்சு, எரிபொருள் ஆலைக்கு அனுப்புன லோடு. மாடு தின்னா ஈரல் போயிடும். சினைமாடுன்னா கன்னும் தங்காது. எடுத்தவங்க பேரு தெரிஞ்சா டாக்டரை உடனே அந்த வூட்டுக்குக் கூட்டிக்கினு வருவேன். கேஸெல்லாம் இல்லன்னு தலையில அடிச்சுக்கறேன். ஒருத்தரும் நம்ப மாட்டேங்கறாங்க."

சொல்லிவிட்டுத் திரும்பி நடந்தார்.

கிளியம்மாளின் உதடு அசைந்தது. கோபால் அவள் மணிக்கட்டை இறுக்கிப் பிடித்தான்.

"வாயப் புடுங்கறான்டி. நம்பாத. ஒத்துக்கினா நம்ம பொண்ணு வேலை போச்சு."

வெளியே ஜீப் கிளம்பும் சத்தம் கேட்டது. அவளுக்குப் பின்னால், செவலை காலித் தொட்டியின் அடியைச் சரக் சரக்கென்று நக்கிக்கொண்டிருந்தது.

கையை உதறிக்கொண்டு தெருவுக்கு ஓடினாள்.

"சார்! எம்பேர எழுதிக்கோங்க சார்!"